‘லைன்’ என்ற ஒரே சொல்லை முழுதாகக் கற்பது எப்படி? மலை எல்லைத் தமிழர்களுக்கு ஒரு வழிகாட்டி

கேரளத்தில் மூணாறு, தேவிகுளம், பீர்மேடு, வண்டிப்பெரியார் பக்கம் தமிழ் மீடியத்தில் படித்து எஸ்.எஸ்.எல்.சி.க்கும் அரசு வேலைக்கான பி.எஸ்.சி. (பணியாளர் தேர்வாணையம்) தேர்வுக்கும் தயாராகிற பிள்ளைகளை ஆங்கிலத்தில் தடுக்கிவிடுவது சின்னச் சொற்கள்தான். ‘போட்டோசிந்தசிஸ்’ நீளமான சொல், ஆனால் அதற்குப் பொருள் ஒன்றே ஒன்று. ஒருமுறை படித்தால் போதும். லைன், பாஸ், ரன், செட் போன்றவை அப்படி இல்லை. ஒவ்வொரு வாக்கியத்திலும் வேறு முகத்தோடு வந்து நிற்கும். அகராதியைத் திறந்தால் ‘லைன்’ என்ற சொல்லுக்குக் கீழே பொருள்கள் வரிசையாக இறங்கிக்கொண்டே போகும். அதை மனப்பாடம் செய்ய முயன்று பாதியில் விட்டவர்கள் எத்தனையோ பேர்.

மனப்பாடம் தேவையில்லை. லைன் என்ற சொல்லின் எல்லாப் பொருள்களும் ஒரே இடத்திலிருந்து கிளம்பியவை. அந்த இடத்தைப் பிடித்துவிட்டால் மற்றவை தாமாக ஒழுங்காகும். இன்னொன்றும் உண்டு: எஸ்டேட்டில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு இந்தச் சொல் அந்நியமே இல்லை. அவர்கள் அதற்குள்ளேயே குடியிருக்கிறார்கள். அங்கிருந்தே தொடங்கலாம்.

படி 1: உங்கள் வாயில் ஏற்கெனவே இருக்கும் லைன்களை எழுதுங்கள்

ஒரு நோட்டை எடுத்து, வீட்டிலும் கடைத்தெருவிலும் லைன் வருகிற பேச்சையெல்லாம் அப்படியே எழுதுங்கள். இலக்கணம் பார்க்க வேண்டாம்.

“நாங்க மேல் டிவிஷன் லயத்துல இருக்கோம்.”
“லைன் பஸ் போயிருச்சா அண்ணே?”
“காத்துல மரம் விழுந்து லைன் கட்டாயிருச்சு, லைன்மேனுக்குப் போன் போடுங்க.”
“ரேஷன் கடையில ஒரு மணி நேரமா லைன்ல நிக்கேன்.”
“ப்ளவுசுக்கு லைனிங் வெச்சுத் தைக்கணுமாக்கா?”
“பந்து நல்ல லைன்ல வருது, அடிக்க முடியல.”
“ஆன்லைன்ல அப்ளிகேஷன் போட்டாச்சு.”

ஏழு வாக்கியம், ஏழு பொருள். குடியிருப்பு, வழித்தடம், மின்கம்பி, வரிசை, உள்துணி, பந்து வரும் திசை, இணையம். பள்ளிக்கூடம் போகாத பாட்டிக்கும் இதில் பாதி தெரியும்.

இதில் ‘லயம்’ பற்றிக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். தேயிலைத் தொழிலாளர் வீடுகள் ஒரே கூரைக்கு அடியில் ஒட்டி ஒட்டி வரிசையாகக் கட்டப்பட்டவை. வெள்ளைக்காரத் துரைமார் அதை ‘லைன்ஸ்’ என்றார்கள். அதற்கு முன்பே இந்தியாவில் படைவீரர்களுக்கும் போலீசாருக்கும் வரிசையாகப் போட்ட குடியிருப்புகளுக்கு அந்தப் பெயர் இருந்தது. டெல்லியிலும் பிரயாக்ராஜிலும் ‘சிவில் லைன்ஸ்’ என்ற பகுதி இன்றும் இருக்கிறது. வட இந்திய ஊர்களில் ‘போலீஸ் லைன்ஸ்’ உண்டு. அதே சொல் தோட்டத்துக்கு வந்து, தமிழ் வாயிலும் மலையாள வாயிலும் புழங்கி ‘லயம்’ ஆயிற்று. இலங்கை மலையகத்தில் ‘லயன்’ என்கிறார்கள். வயநாட்டுப் பக்கம் அதே வீட்டுக்குப் ‘பாடி’ என்று பெயர்.

ஆங்கிலப் பத்திரிகை படிக்கும்போது இது உதவும். 2020 ஆகஸ்ட் 6 இரவு ராஜமலைக்கு அருகே பெட்டிமுடியில் மண் சரிந்து லயங்கள் புதைந்தன. 70 பேரை இழந்தோம். அதைப் பற்றிய ஆங்கிலச் செய்திகளில் ‘லைன்ஸ்’, ‘லைன் ஹவுசஸ்’ என்று வந்தால் அது கோடும் இல்லை, கம்பியும் இல்லை. நம் ஜனங்கள் தூங்கிக்கொண்டிருந்த வீடுகள். ஒரு சொல்லின் சரியான பொருள் தெரியாமல் அந்தச் செய்தியைக் கடந்துபோவது பெரிய இழப்பு என்று நான் நினைக்கிறேன்.

ஒரு எச்சரிக்கையும் உண்டு. பாட்டில் ‘சுருதி, லயம்’ என்கிறோமே, அந்த லயம் வேறு, சமஸ்கிருதத்திலிருந்து வந்தது. எழுத்து ஒன்றாக இருப்பதால் உறவு என்று எண்ணிவிடக் கூடாது. ஆங்கிலத்திலும் இப்படி உருவம் ஒன்றாகி வேர் வேறாக இருக்கும் சொற்கள் நிறைய. வேரைப் பார்த்தே உறவை முடிவுசெய்ய வேண்டும்.

படி 2: வேரைப் பிடியுங்கள்

லத்தீனில் ‘லீனம்’ என்றால் ஆளிச்செடி. கடைகளில் ஆளிவிதை என்று விற்கிறார்களே, அந்தச் செடிதான். அதன் தண்டு நாரிலிருந்து நூற்ற நூலுக்கு ‘லீனியா’. அந்த நூல்தான் லைன். அதே நாரில் நெய்த துணி லினன். ப்ளவுசுக்கு உள்ளே வைக்கும் லைனிங்கும் அதே குடும்பம்: உடைக்குள் லினன் துணி வைத்துத் தைத்ததால் வந்த பெயர். ஆளிவிதை எண்ணெய் லின்சீட் ஆயில். அந்த எண்ணெயில் செய்த தரைவிரிப்பு லினோலியம்.

பல அகராதிகளில் ‘கோடு’ என்ற பொருள்தரும் லைனும் ‘உள்துணி வை’ என்ற பொருள்தரும் லைனும் தனித்தனிச் சொற்களாக இருக்கும். குழம்ப வேண்டாம். பாட்டி ஒருத்தி, பேத்திகள் இருவர்.

நூல் எப்படிக் கோடு ஆனது? கொத்தனாரைப் பாருங்கள். சுவர் எழுப்பும் முன் இரண்டு முனையிலும் ஆணி அடித்து நூலை இழுத்துக் கட்டுகிறார். நூல் போகும் வழிதான் நேர்கோடு. ‘நூல் பிடிச்ச மாதிரி’ என்று நாமும் சொல்கிறோம். தச்சரும் கம்பிக் கடைக்காரரும் அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கை ‘ஒரு நூல்’ என்பார்கள்; நாலு நூல் கம்பி என்றால் அரை அங்குலக் கம்பி. ஆங்கிலேயரிடமும் ‘லைன்’ என்ற பழைய அளவு இருந்தது, அங்குலத்தில் பன்னிரண்டில் ஒரு பங்கு. இரண்டு மொழிக்காரர்களும் நேரையும் நுணுக்கத்தையும் நூலை வைத்தே பார்த்திருக்கிறார்கள்.

ஆக, லைன் என்று எங்கே பார்த்தாலும் முதலில் ஓர் இழுத்துக் கட்டிய நூலை மனத்தில் நிறுத்துங்கள். பிறகு கேளுங்கள்: இந்த இடத்தில் அந்த நூல் என்ன செய்கிறது?

படி 3: நூல் செய்யும் வேலையைப் பார்த்துப் பிரியுங்கள்

நூல் நூலாகவே இருப்பது முதல் கிளை. மீன் பிடிக்கும் தூண்டில் நரம்பு ஃபிஷிங் லைன். துணி காயப்போடும் கொடி க்ளோத்ஸ்லைன் அல்லது வாஷிங் லைன். மின்கம்பி பவர் லைன், தொலைபேசிக் கம்பி டெலிபோன் லைன். கம்பியே இல்லாத செல்போன் வந்த பிறகும் ‘ஹோல்ட் தி லைன்’ என்கிறார்கள்; ‘வைத்துவிடாதீர்கள், அப்படியே இருங்கள்’ என்று பொருள். தொலைபேசி ‘லைன் பிஸி’ என்பது அமெரிக்க வழக்கை ஒட்டியது. பிரிட்டனில் ‘எங்கேஜ்ட்’ என்பார்கள்.

அடுத்தது, நூல் பதிந்த தடம்: கோடு. பென்சில் கோடு, கைரேகை, நெற்றிச் சுருக்கம், ஓட்டப்பந்தய முடிவுக் கோடு எல்லாம் இதில் அடங்கும். கோடு என்றாலே இந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்று வந்துவிடும், எனவே எல்லையும் இதே கிளைதான். 1893இல் ஆப்கானிஸ்தானத்துக்கு டூரண்ட் லைன், 1914இல் திபெத்துக்கு மக்மஹோன் லைன், 1947இல் பாகிஸ்தானுக்கு ராட்கிளிஃப் லைன். 1956 நவம்பர் 1 அன்று மொழிவழி மாநிலங்கள் பிரிந்தபோது தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுகாக்களும் செங்கோட்டையின் ஒரு பகுதியும் சென்னை மாநிலத்துக்குப் போயின. தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தில் நின்றன. அன்று போட்ட கோட்டால்தான் நம் பிள்ளைகள் தமிழில் படித்துக் கேரள பி.எஸ்.சி. எழுதுகிறார்கள். ஆங்கிலத்தில் இதை எழுதினால் ‘ஸ்டேட் லைன்’ என்றோ ‘பார்டர்’ என்றோ எழுதலாம்.

விளையாட்டில் இந்தக் கோடு சுவாரசியமானது. கோட்டின் மேலேயே பட்டால் உள்ளேயா வெளியேயா? டென்னிசில் பந்து கோட்டைத் தொட்டால் உள்ளே. கால்பந்தில் பந்து முழுதாகக் கோட்டைத் தாண்டினால்தான் கோல். கிரிக்கெட்டில் மட்டை கோட்டின் மேல் மட்டும் இருந்தால் ரன் அவுட். கோட்டுக்கு உள்ளே தரையைத் தொட வேண்டும். ‘லைன் அண்ட் லெங்த்’ என்கிறபோது அது தரையில் போட்ட கோடு இல்லை. பந்து எந்தத் திசையில் வருகிறது என்பது லைன், எங்கே குத்துகிறது என்பது லெங்த்.

மூன்றாவது, நூல் பிடித்தாற்போல் நிற்பவை: வரிசை. லயம் இந்தக் கிளை. பஸ்சுக்கு நிற்கும் வரிசை அமெரிக்காவில் லைன், பிரிட்டனில் க்யூ. தொழிற்சாலையில் பொருள் நகர்ந்துகொண்டே உருவாவது அசெம்பிளி லைன். வரிசையில் அடுத்தவர் என்பதிலிருந்து வாரிசும் வந்துவிட்டது: ‘நெக்ஸ்ட் இன் லைன்’. தலைமுறை தலைமுறையாக வருவது லீனியேஜ். இதை ‘லின்னி-இஜ்’ என்று உச்சரிக்க வேண்டும், ‘லைனேஜ்’ அன்று. லீனியர் என்பதும் ‘லின்னியர்’.

நான்காவது, நூல் போல் நீண்டு போகும் பாதை. ரயில்வே லைன், ஏர்லைன், ஷிப்பிங் லைன். நம் மலையிலேயே இருந்த ஒன்றைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. மூணாற்றிலிருந்து டாப் ஸ்டேஷன் வரை குண்டளைப் பள்ளத்தாக்கில் 1902இல் ஒற்றைத் தண்டவாள வண்டி ஓடியது. 1908இல் அதைக் குறுகிய ரயில் பாதையாக மாற்றினார்கள். அங்கிருந்து தேயிலை கம்பிவடத்தில் கீழே போடிப் பக்கம் இறங்கியது. 1924 வெள்ளம் அந்த ரயில் பாதையைக் கொண்டுபோய்விட்டது. ரயில் பாதையும் லைன், கம்பிவடமும் லைன்: ஒன்று நான்காம் கிளை, இன்னொன்று முதல் கிளை. கீழே போடிக்கு அகலப்பாதையில் ரயில் வந்தது 2023 ஜூனில். ‘தி போடி லைன்’ என்றால் இந்தப் பாதை.

ஐந்தாவது, தாளில் வரிசையாக நிற்கும் எழுத்து: வரி. கவிதை வரி, நடிகர் மனப்பாடம் செய்யும் வசனம் இரண்டும் லைன். ‘ட்ராப் மீ எ லைன்’ என்றால் இரண்டு வரி எழுதிப் போடு. ‘ரீட் பிட்வீன் தி லைன்ஸ்’ என்றால் சொல்லாமல் விட்டதைப் புரிந்துகொள்.

போக்கு என்று ஆறாவதாக ஒன்றையும் வைத்துக்கொள்ளலாம்: லைன் ஆஃப் ஒர்க் என்றால் தொழில், பார்ட்டி லைன் என்றால் கட்சியின் நிலைப்பாடு. ‘வாட் லைன் ஆர் யூ இன்?’ என்று யாராவது கேட்டால் எந்த லயம் என்று சொல்லிவிடாதீர்கள். என்ன தொழில் செய்கிறீர்கள் என்று கேட்கிறார்.

சரிபார்க்க ஒரு வழி: வாக்கியத்தில் லைனை எடுத்துவிட்டு கயிறு, கம்பி, கோடு, ரேகை, எல்லை, வரிசை, பாதை, வரி, தலைமுறை, தொழில் என்று ஒவ்வொன்றாக வைத்துப் பாருங்கள். எது ஒட்டுகிறதோ அதுவே பொருள்.

படி 4: முன்னால் நிற்கும் சின்னச் சொல்லைக் கவனியுங்கள்

தேர்வில் மதிப்பெண் போவது பெரும்பாலும் இங்கேதான். லைன் அதே லைன். அதற்கு முன்னால் இன், ஆன், அவுட் ஆஃப் என்று மாறினால் பொருள் தலைகீழாகும். தமிழில் வேற்றுமை உருபு சொல்லின் வாலில் ஒட்டி வருவதால் நமக்கு முன்னால் பார்க்கும் பழக்கம் குறைவு. அதைப் பழக்கிக்கொள்ள வேண்டும்.

‘இன் லைன்’ என்றால் வரிசையில். ‘இன் லைன் ஃபார் எ ப்ரமோஷன்’ என்றால் பதவி உயர்வு கிடைக்கும் நிலையில் இருப்பவர். ‘இன் லைன் வித் தி ரூல்ஸ்’ என்றால் விதிப்படி. அரசாங்கக் கடிதங்களில் இது ஓயாமல் வரும், பி.எஸ்.சி. எழுதுகிறவர்கள் அவசியம் தெரிந்துகொள்ளுங்கள்.

‘ஆன் தி லைன்’ என்றால் தொலைபேசியில் இருக்கிறார் என்று ஒரு பொருள். ‘ஹிஸ் ஜாப் இஸ் ஆன் தி லைன்’ என்றாலோ அவர் வேலைக்கு ஆபத்து. முன்னால் நிற்பது ஆளா, இழக்கக்கூடிய ஒன்றா என்று பாருங்கள். ஆள் என்றால் தொலைபேசி; வேலை, பெயர், உயிர் என்றால் ஆபத்து.

‘அவுட் ஆஃப் லைன்’ என்றால் வரம்பு மீறிய நடத்தை. வரிசையை விட்டு வெளியே நிற்பவர் என்ற பழைய படம் அதற்குள் இருக்கிறது. ‘க்ராஸ் தி லைன்’ அதைவிடக் கடுமையானது.

‘அலாங் தி லைன்ஸ் ஆஃப்’ என்றால் ஏறக்குறைய அது போல. இதில் லைன்ஸ் என்று பன்மைதான் வரும். ‘சம்வேர் அலாங் தி லைன்’ என்றால் நடுவில் எப்போதோ ஒரு கட்டத்தில், இங்கே ஒருமை. ‘டவுன் தி லைன்’ என்றால் பிற்காலத்தில்.

‘எ’, ‘தி’ இரண்டிலும் கவனம் தேவை. ‘ட்ரா எ லைன்’ என்றால் கோடு போடு. ‘ட்ரா தி லைன்’ என்றால் ‘இதற்கு மேல் விடமாட்டேன்’ என்று நிறுத்து. ஓர் எழுத்தில் பொருள் மாறிவிட்டது.

படி 5: கூட்டுச் சொற்களின் கதையைத் தெரிந்துகொள்ளுங்கள்

கதை தெரிந்த சொல் மறக்காது. டெட்லைன் என்கிறோம், கடைசி நாள் என்ற பொருளில். அமெரிக்க உள்நாட்டுப் போரின்போது 1864இல் ஜார்ஜியா மாகாணத்து ஆண்டர்சன்வில் சிறைமுகாமில் சுவருக்கு உள்ளே ஓர் எல்லை வைத்திருந்தார்கள். கைதி அதைத் தாண்டினால் காவலர் சுட்டுவிடலாம். அந்த எல்லையின் பெயர் டெட்லைன். பத்திரிகைக்காரர்கள் பின்னால் அதைக் காலக்கெடுவுக்கு எடுத்துக்கொண்டார்கள்.

ஹாட்லைன் என்றதும் மேஜைமேல் சிவப்புத் தொலைபேசி நினைவுக்கு வரும். 1962 கியூபா நெருக்கடிக்குப் பிறகு 1963இல் வாஷிங்டனுக்கும் மாஸ்கோவுக்கும் இடையே போட்ட அந்த இணைப்பில் குரலே கிடையாது; தட்டச்சுச் செய்தி அனுப்பும் டெலிபிரிண்டர்.

பாட்டம் லைன் கணக்குப் புத்தகத்தின் கடைசி வரி. செலவெல்லாம் போக மிஞ்சிய லாபமோ நட்டமோ அங்கே இருக்கும். அதனால் ‘கடைசியில் விஷயம் இதுதான்’ என்று பொருள் வந்தது. ‘டோ தி லைன்’ என்றால் சொன்னபடி கட்டுப்பட்டு நட. பந்தயத்தில் கால்விரல் நுனியைக் கோட்டில் வைத்து நிற்பதிலிருந்து வந்தது. இந்த ‘டோ’ கால்விரல். கயிறு கட்டி இழுக்கும் டோ என்று நினைத்து ஆங்கிலேயர்களே தவறாக எழுதுவார்கள்.

ஹெட்லைன், அவுட்லைன், அண்டர்லைன், கைட்லைன், பைப்லைன் எல்லாம் பார்த்தவுடன் விளங்கும். நேரம் செலவிட வேண்டாம்.

படி 6: வினையாக வரும்போது

இது எளிது. லைன் வினையானால் முக்கியமாக இரண்டு வேலை: ஓரமாக வரிசைகட்டுவது, உள்ளே துணியோ தாளோ பூச்சோ வைப்பது. ‘லைன் அப்’ என்றால் வரிசையில் நில்லுங்கள். ‘லைன் ஒன்ஸ் பாக்கெட்’ என்றால் குறுக்கு வழியில் பணம் சேர்ப்பது. பைக்கு உள்துணியாகப் பணத்தை வைத்துத் தைத்துக்கொண்டதாகக் கணக்கு.

படி 7: நம் ஊர் லைனை அப்படியே ஆங்கிலத்தில் போடாதீர்கள்

‘லைன் அடிக்கிறான்’, ‘லைன் விடுறான்’ என்று தமிழில் சொல்வதும், காதலர்களை ‘அவர் லைனாணு’ என்று மலையாளத்தில் சொல்வதும் இங்கே எல்லாருக்கும் புரியும். ஆங்கிலத்தில் ‘ஹி இஸ் பீட்டிங் லைன்’ என்றால் யாருக்கும் புரியாது. அங்கே ‘ஃப்ளர்ட்’ என்பார்கள். பேச்சுக் கொடுக்கப் பயன்படுத்தும் வசனத்துக்கு மட்டும் ‘பிக்-அப் லைன்’ உண்டு.

லைன் பஸ் என்பதும் நம் வழக்கு. ஆங்கிலத்தில் ‘ரூட் பஸ்’, ‘ரெகுலர் பஸ் சர்வீஸ்’ என்று எழுதுங்கள். மின்வாரிய ஊழியரை ‘லைன்மேன்’ என்று எழுதலாம். ‘லைன்ஸ்மேன்’ என்று நடுவில் ஒரு ‘ஸ்’ சேர்த்தால் பலருக்குக் கால்பந்து மைதானத்தில் கொடி பிடிப்பவர் நினைவுக்கு வருவார். அவருக்கும் 1996 முதல் ‘அசிஸ்டன்ட் ரெஃப்ரி’ என்றுதான் பெயர்.

‘லயம்’ என்பதை ஆங்கிலத்தில் எழுதும்போது தயங்காமல் ‘லயம்’ என்றே எழுதி, முதல் தடவை மட்டும் ‘எஸ்டேட் லைன் ஹவுஸ்’ என்று விளக்கம் சேர்க்கலாம். வெளியூர் ஆங்கிலப் பத்திரிகைகளும் இப்போது அப்படித்தான் எழுதுகின்றன.

படி 8: செய்து பாருங்கள்

விடையைக் கையால் மறைத்துக்கொண்டு ஒவ்வொன்றிலும் நூல் என்ன செய்கிறது என்று சொல்லுங்கள்.

‘ஷீ கம்ஸ் ஃப்ரம் எ லாங் லைன் ஆஃப் டீ பிளக்கர்ஸ்.’ தலைமுறை. கொழுந்து கிள்ளுகிறவர்களின் வம்சத்தில் வந்தவள்.

‘தி ரோட் இஸ் லைன்ட் வித் யூகலிப்டஸ் ட்ரீஸ்.’ வினை. சாலையின் இருபுறமும் யூக்கலிப்டஸ் மரங்கள் வரிசைகட்டி நிற்கின்றன.

‘தி நர்ஸ் புட் எ லைன் இன் ஹிஸ் ஆர்ம்.’ இது மேலே வரவில்லை, ஆனாலும் கண்டுபிடிக்கலாம். நூல் போல் மெல்லிய குழாய். கையில் ட்ரிப் ஏற்றக் குழாய் போட்டிருக்கிறார்கள்.

‘தி மேனேஜர் புட் ஹிஸ் ஓன் ஜாப் ஆன் தி லைன் ஃபார் தி ஒர்க்கர்ஸ்.’ ஆபத்து. தொழிலாளர்களுக்காகத் தன் வேலையையே பணயம் வைத்தார்.

கடைசியாக ஒரு ஜோடி. ‘ஃபைவ் இயர்ஸ் டவுன் தி லைன்’, ‘ஃபைவ் ஹவுசஸ் டவுன் தி லைன்’. முதலாவதில் முன்னால் காலம் நிற்கிறது, ஆகவே ஐந்து வருஷம் கழித்து. இரண்டாவதில் வீடு நிற்கிறது, ஆகவே அதே லயத்தில் ஐந்து வீடு தள்ளி. இந்த இரண்டையும் தயங்காமல் பிரித்துச் சொல்ல முடிந்தால் நோட்டில் புதுப் பக்கம் திருப்பி ‘பாஸ்’ என்று தலைப்பிடுங்கள். பஸ் பாஸ், கேட் பாஸ், பரீட்சையில் பாஸ், மலைக்கணவாய் என்று அதிலும் உங்களுக்குப் பாதி ஏற்கெனவே தெரியும்.